வாய்தாவும் வக்ஃபும்: விசாரணையின்றித் தள்ளுபடியான வழக்குகள் சொல்லும் வரலாறு



சில ஆண்டுகளுக்கு முன்னர், அண்டை ஊர் ஜமாஅத் ஒன்றின் நிர்வாகிகள் தங்கள் பழைய வழக்குக் கட்டு ஒன்றைப் பார்த்துத் தருமாறு இக்கட்டுரையாளரிடம் கேட்டுக்கொண்டனர். பள்ளிவாசலை ஒட்டிய கடை மனையில் வாடகைக்கு இருந்தவர், நாளடைவில் அம்மனை தமக்கே உரியது என்று கூறத் தொடங்கியதால் தொடரப்பட்ட வழக்கு அது. வக்ஃபு செய்தவரின் சாசனம், வாடகை ரசீதுகள், நகராட்சி வரி ரசீதுகள் என ஆதாரங்கள் அனைத்தும் அக்கட்டில் ஒழுங்காக இருந்தன. படித்தவரையில், வெற்றி பெற்றிருக்க வேண்டிய வழக்கு. ஆனால் கடைசித் தாளில் இருந்த உத்தரவு ஒரே வரியில் முடிந்திருந்தது: வாதி ஆஜர் இல்லை, பேட்டா செலுத்தவில்லை, வழக்கு தள்ளுபடி.

பேட்டா என்பது பிரதிவாதிக்குச் சம்மன் சார்வு செய்வதற்காக நீதிமன்றத்தில் கட்ட வேண்டிய சிறு தொகை. அதைக் கட்டுமாறு நீதிமன்றம் வாய்தா கொடுத்திருந்தது. அந்த வாய்தாவுக்கு முன்பே முத்தவல்லி மர்ஹூம் ஆகிவிட்டார். வழக்கறிஞரின் கடிதம் அவருடைய வீட்டு முகவரிக்கே சென்றது. புதிய நிர்வாகத்துக்கு இப்படியொரு வழக்கு நடப்பதே தெரியாது. சில ரூபாய்களைக் கட்டாமையால் பள்ளிவாசலின் மனை குறித்த கேள்வி கேட்கப்படாமலே போயிற்று.

வழக்கில் தோற்பது வேறு. வழக்கே நடவாமல் போவது வேறு. முன்னதில் இரு தரப்பும் பேசி, சாட்சிகள் கூண்டேறி, நீதிபதி உண்மை இன்னதென்று முடிவு செய்கிறார். பின்னதில் உண்மை யார் பக்கம் என்று எவரும் கேட்பதில்லை. நீதிமன்றத்தின் நடைமுறை உத்தரவுகளைப் பின்பற்றாத காரணத்தால் வழக்குகள் தள்ளுபடியாகும் இவ்வழக்கம் எங்கிருந்து வந்தது, சட்டம் அதற்கு என்ன பரிகாரம் வைத்தது, நமது வக்ஃபு சொத்துக்களுக்கு அதனால் விளைந்தது என்ன என்பவற்றை ஜமாஅத்தார் அறிந்திருப்பது நலம் என்பதாலேயே இக்கட்டுரை எழுதப்படுகிறது.

சொற்கள் கூறும் செய்தி

நம் நாட்டு நீதிமன்றங்களில் இன்றும் புழங்கும் சொற்கள் பல அரபு மொழியில் பிறந்து, பாரசீகம், உருது வழியாகத் தமிழுக்கு வந்தவை. வக்கீல், வக்காலத்து, முன்சீப், அமீனா, ஜாமீன், ஜப்தி, தாவா, ரத்து, ராஜி ஆகிய அனைத்தும் அவ்வகையினவே. 'ஆஜர்' என்பது 'ஹாஸிர்' என்ற அரபுச் சொல்லின் திரிபு. முன்னிலையில் இருத்தல் என்று பொருள். 'வாய்தா' என்பதன் வேரும் அரபு மொழியில்தான் உள்ளது. வாக்களித்தல், தவணை குறித்தல் என்பது அதன் பொருள். ஆகவே வாய்தா என்பது நீதிமன்றமும் வழக்காளியும் ஒருவருக்கொருவர் கொடுத்துக்கொள்ளும் வாக்கு. குறித்த நாளில் கேட்கிறேன் என்கிறது நீதிமன்றம். குறித்த நாளில் வருகிறேன் என்கிறார் வழக்காளி. வாக்குத் தவறினால் விளைவு உண்டு.

இக்கருத்து ஆங்கிலேயர் கொண்டுவந்த புதுமை என்று எண்ண வேண்டியதில்லை. கலீஃபா உமர் (ரலி) அவர்கள் அபூ மூஸா அல்-அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு நீதி பரிபாலனம் குறித்து எழுதியதாக இஸ்லாமியச் சட்ட நூல்கள் போற்றிவரும் கடிதத்தில் இதற்கான நெறி உள்ளது. தன் ஆதாரம் கைவசம் இல்லை என்று கூறும் வாதிக்கு ஒரு தவணை குறிக்க வேண்டும்; அதற்குள் ஆதாரத்தைக் கொணர்ந்தால் அவருக்குரியதை அளிக்க வேண்டும்; கொணரத் தவறினால் அவருக்கு எதிராகத் தீர்ப்பளிக்கலாம் என்பது அக்கடிதத்தில் கூறப்படும் நெறி. தவணை கொடுப்பது கருணை. தவணைக்கு ஓர் எல்லை வைப்பது எதிர்த் தரப்புக்குச் செய்யும் நீதி.

உதுமானியப் பேரரசில் அஹ்மத் ஜவ்தத் பாஷா தலைமையில் 1869 முதல் 1876 வரை தொகுக்கப்பட்ட 'மஜல்லா' என்னும் சட்டத் தொகுப்பு இந்நெறியை விதிகளாகவே வகுத்தது. நீதிமன்றத்துக்கு வர மறுக்கும் பிரதிவாதிக்கு வெவ்வேறு நாட்களில் மூன்று முறை அழைப்பு அனுப்ப வேண்டும். அதன் பின்னும் வராவிடில் அவர் சார்பில் ஒரு பிரதிநிதியை நியமித்தே வழக்கைக் கேட்க வேண்டும். பொதுவான உரிமை வழக்குகள் பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் கேட்கப்பட மாட்டா. ஆனால் வக்ஃபின் மூலச் சொத்துக் குறித்து முத்தவல்லி தொடரும் வழக்குக்கு 36 ஆண்டுகள் வரை இடம் உண்டு. காலம் கடப்பதால் உரிமை அழிந்துவிடுவதில்லை என்ற விதியும் அத்தொகுப்பில் உள்ளது. நீதிமன்றம் கேட்க மறுக்கலாம். ஆயினும் பிறர் பொருளை வைத்திருப்பவரின் கடன் தீராது என்பது அதன் உட்பொருள். இந்தியச் சட்டம் இவ்விடத்தில் எவ்வாறு வேறு பாதையில் சென்றது என்பதைப் பின்னர்க் காண்போம்.

1859 முதல் 1908 வரை

சென்னை மாகாணத்தில் கும்பினியார் 1802-ஆம் ஆண்டின் ஒழுங்குமுறைச் சட்டங்களால் ஜில்லா நீதிமன்றங்களை அமைத்தனர். முஸ்லிம்களின் வழக்குகளில் மார்க்கச் சட்டம் இன்னதென எடுத்துரைக்க அந்நீதிமன்றங்களில் சட்ட அலுவலர்கள் இருந்தனர். 1864-ஆம் ஆண்டின் சட்டம் ஒன்றினால் அப்பதவிகள் நீக்கப்பட்டன. இதற்கிடையே 1859-ஆம் ஆண்டின் 8-ஆவது சட்டமாக, உரிமையியல் வழக்குகளுக்கான முதல் நடைமுறைத் தொகுப்பு இயற்றப்பட்டது. வாதி வராவிடில் வழக்கைத் தள்ளுபடி செய்யும் விதி அதிலேயே இடம்பெற்றுவிட்டது. பின்னர் 1877-லும் 1882-லும் தொகுப்பு மாற்றி எழுதப்பட்டு, 1908-ஆம் ஆண்டின் 5-ஆவது சட்டமாக இன்றைய வடிவத்தை எய்தியது. 1909 ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த இச்சட்டமே, பல திருத்தங்களுடன், இன்றும் நம் முன்சீப் நீதிமன்றம் தொடங்கி எங்கும் ஆட்சி செய்கிறது. வக்ஃபு தீர்ப்பாயங்களுக்கும் உரிமையியல் நீதிமன்றத்தின் அதிகாரங்கள் அளிக்கப்பட்டிருப்பதால், அங்கே நடைபெறும் வழக்குகளுக்கும் இது அயலானதன்று.

இச்சட்டத்தின் 'கட்டளை' எனப்படும் பகுதிகளுள் ஒன்பதாவது கட்டளையே நாம் பேசும் பொருளின் இதயம். சம்மனுக்கான கட்டணத்தைச் செலுத்தாமையால் சம்மன் சார்வாகாவிடில், இரண்டாம் விதியின்படி வழக்குத் தள்ளுபடியாகலாம். இரு தரப்பாரும் வராவிடில் மூன்றாம் விதி. இவ்விரண்டு நிலைகளிலும், காலவரையறைக்கு உட்பட்டு, புதிய வழக்குத் தொடரவோ பழைய வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரவோ வாதிக்கு வழி உண்டு. சார்வாகாமல் திரும்பிய சம்மனுக்குப் பதிலாகப் புதிய சம்மன் கோராமல் ஏழு நாட்கள் வாளாவிருந்தால் ஐந்தாம் விதி குறுக்கிடும்.

எட்டாம் விதியோ கடுமையானது. பிரதிவாதி வந்திருக்க, வாதி வராவிடில், பிரதிவாதி ஒப்புக்கொண்ட பகுதி நீங்கலாக வழக்குத் தள்ளுபடியாகும். அவ்வாறு தள்ளுபடியானால் அதே காரணத்தின் மேல் புதிய வழக்குத் தொடரவே முடியாதென ஒன்பதாம் விதி கூறுகிறது. போதிய காரணம் காட்டித் தள்ளுபடி உத்தரவை நீக்கக் கோரும் மனு ஒன்றே எஞ்சும் வழி. அம்மனுவுக்குக் காலவரையறைச் சட்டம் அளிக்கும் அவகாசம் முப்பது நாட்கள்.

வராமை மட்டுமே காரணமாவதில்லை. சொத்தின் மதிப்பைக் குறைத்துக் காட்டியிருந்தாலோ, குறைந்த நீதிமன்றக் கட்டணத்தை ஒட்டியிருந்தாலோ, அதைச் சரிசெய்ய நீதிமன்றம் நாள் குறிக்கும். அந்நாளுக்குள் சரிசெய்யாவிடில் ஏழாம் கட்டளை பதினோராம் விதியின்படி வழக்குரை நிராகரிக்கப்படும். ஆவணங்களை வெளிப்படுத்துமாறு இட்ட உத்தரவை வாதி மீறினால், வழக்கை நடத்த முனையாதவராகக் கருதப்பட்டு அவர் வழக்குத் தள்ளுபடியாக நேரிடும். செலவுத் தொகைக்குப் பிணையம் கட்டுமாறு உத்தரவிட்டும் கட்டாதவர்க்கும் அதே கதி. பிரதிவாதி இறந்தால் தொண்ணூறு நாட்களுக்குள் அவருடைய வாரிசுகளைச் சேர்க்க மனுச் செய்தல் வேண்டும். தவறினால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். அதை நீக்கக் கோர மேலும் அறுபது நாட்களே உண்டு. தலைமுறை தலைமுறையாக நடக்கும் வக்ஃபு வழக்குகளில் அதிகம் இடறச் செய்வது இவ்விதியே.

இத்தனை கடுமை எதற்கு என்று கேட்கலாம். பிரதிவாதியின் இடத்தில் நின்று பார்த்தால் விடை விளங்கும். ஒருவர் மீது வழக்கைப் போட்டுவிட்டு, அதை நடத்தாமலும் திரும்பப் பெறாமலும் ஆண்டுக்கணக்கில் தொங்கவிடுவது ஒரு கொடுமை. அவர் சொத்தை விற்க முடியாது. வீடு கட்ட முடியாது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் வேலையை விட்டுவிட்டு நீதிமன்ற வாசலில் நிற்க வேண்டும். அக்கொடுமையைத் தடுக்கவே தள்ளுபடி விதி பிறந்தது. நாளை நமது ஜமாஅத்தே பிரதிவாதியாக நிற்கும் வழக்கில் அவ்விதி நமக்கும் அரணாகும். எனவே விதியைப் பழித்துப் பயனில்லை.

நீதிமன்றங்கள் காட்டிய தயவு

விதி கடுமையாயினும், அதை எவ்வாறு கையாள வேண்டும் என்பதில் இந்திய உச்ச நீதிமன்றம் தொடக்கம் முதலே ஒரு பக்குவத்தைக் காட்டி வந்துள்ளது.

1955-ஆம் ஆண்டு சங்ராம் சிங் வழக்கில் ஒரு தேர்தல் தீர்ப்பாயத்தின் உத்தரவு ஆராயப்பட்டது. ஒரு நாள் வரத் தவறியவர், அடுத்த வாய்தாக்களில் கலந்துகொள்ளவும் கூடாதெனத் தீர்ப்பாயம் கூறிவிட்டிருந்தது. நீதிபதி விவியன் போஸ் அதை ஏற்கவில்லை. நடைமுறைச் சட்டம் நீதிக்குத் துணைசெய்ய வந்தது என்றும், அதைத் தண்டனைச் சட்டம்போல் கொண்டு மக்களை இடறி விழச் செய்யலாகாது என்றும் அவர் விளக்கினார். வராத நாளின் நடவடிக்கையை வராதவர் இழக்கலாம். வந்த நாள் முதல் அவரைக் கேட்டே ஆக வேண்டும்.

நம் பொருளுக்கு மிகவும் நெருக்கமான தீர்ப்பு 1961-இல் வந்தது. மகந்த் ராம்தாஸ் எதிர் கங்காதாஸ் என்ற அவ்வழக்கு பாட்னா உயர் நீதிமன்றத்திலிருந்து வந்தது. குறித்த காலத்துக்குள் பற்றாக்குறை நீதிமன்றக் கட்டணத்தைச் செலுத்த வேண்டும், செலுத்தாவிடில் மேல்முறையீடு தள்ளுபடியாகும் என்பது உயர் நீதிமன்றத்தின் உத்தரவு. மேல்முறையீட்டாளர் காலக்கெடு முடியுமுன்பே கூடுதல் அவகாசம் கேட்டு மனுச் செய்துவிட்டார். மனு விசாரணைக்கு வந்ததோ கெடு முடிந்த பின்னர். உத்தரவு தானாகவே நிறைவேறிவிட்டது, இனித் தமக்கு அதிகாரம் இல்லை என்று உயர் நீதிமன்றம் கைவிரித்தது.

உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பை எழுதியவர் நீதிபதி எம். ஹிதாயத்துல்லாஹ். பின்னாளில், 1968-இல், இந்தியாவின் தலைமை நீதிபதியாகி, அப்பதவியை ஏற்ற முதல் முஸ்லிம் என்ற சிறப்பைப் பெற்றவர்; 1979 முதல் 1984 வரை குடியரசுத் துணைத் தலைவராகவும் விளங்கினார். இத்தகைய உத்தரவுகள், காலம் தாழ்த்துவோர் அஞ்சித் தம்மைச் சீர்செய்துகொள்வதற்காக இடப்படுபவை என்று அவர் எடுத்துரைத்தார். நியாயமான காரணம் எழும்போது அதைக் கவனிக்கும் அதிகாரத்தை நீதிமன்றம் அவ்வுத்தரவின் மூலம் தானே துறந்துவிட்டதாகக் கொள்ளலாகாது என்றும் தீர்ப்பளித்தார். மேல்முறையீடு உயிர் பெற்றது. இங்கே கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. அவர் கெடு முடியுமுன்பே நீதிமன்றக் கதவைத் தட்டியிருந்தார்.

1981-இல் ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கு. வழக்கறிஞர் வராமையால் மேல்முறையீடு அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் தள்ளுபடியாயிற்று. வழக்கறிஞரை அமர்த்தி, கட்டணம் கொடுத்து, ஆவணங்களை ஒப்படைத்துவிட்டுக் கிராமத்தில் இருக்கும் ஒரு சாமானியர், அவ்வழக்கறிஞரின் தவற்றுக்காகத் துன்புறலாகாது என நீதிபதி டி.ஏ. தேசாய் தீர்ப்பளித்தார். 1987-இல் அனந்தநாக் நிலமெடுப்பு ஆட்சியர் தொடர்ந்த வழக்கில், நான்கு நாள் தாமதத்துக்காக அரசின் மேல்முறையீடு ஏற்கப்படாததை உச்ச நீதிமன்றம் தவறென்றது. தாமதிப்பவருக்குப் பெரும்பாலும் அதனால் ஆதாயம் ஏதும் இல்லை என்பதையும் அப்போது சுட்டிக்காட்டியது.

தமிழகத்திலிருந்து சென்ற வழக்கொன்றும் இவ்வரிசையில் உண்டு. 1998-ஆம் ஆண்டு பாலகிருஷ்ணன் எதிர் கிருஷ்ணமூர்த்தி வழக்கில், ஒருதலைப்பட்சமான தீர்ப்பை நீக்கக் கோரிய மனு தள்ளுபடியாகி, அதை மீட்கக் கோருவதில் 883 நாட்கள் தாமதம் நேர்ந்திருந்தது. வழக்கறிஞர் தகவல் தெரிவிக்கவில்லை என்பதே காரணம். தாமதத்தின் நீளத்தைக் காட்டிலும் விளக்கத்தின் நேர்மையே முக்கியம் என நீதிபதி கே.டி. தாமஸ் தீர்ப்பளித்து அத்தாமதத்தை மன்னித்தார். காலவரையறை விதிகள் மக்களின் உரிமைகளை அழிப்பதற்காக ஏற்பட்டவையல்ல என்ற கருத்தை அத்தீர்ப்பு நிலைநிறுத்திற்று.

பின்னர் 2002 ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த திருத்தங்கள் நடைமுறைச் சட்டத்தை மேலும் இறுக்கின. எதிர்வழக்குரை தாக்கல் செய்ய முப்பது நாட்கள், மிஞ்சினால் தொண்ணூறு நாட்கள் என்றாயிற்று. நீதிமன்றம் நீட்டித்துத் தரும் அவகாசம் மொத்தத்தில் முப்பது நாட்களைத் தாண்டலாகாது என்றும் விதிக்கப்பட்டது. இத்திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றது நமது சேலம் வழக்கறிஞர் சங்கமே. 2005-இல் வந்த தீர்ப்பு திருத்தங்களை ஏற்றுக்கொண்டது. ஆயினும், ஒருவரின் சக்திக்கு அப்பாற்பட்ட காரணத்தால் முப்பது நாள் எல்லை தாண்டப்படும்போது நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம் என்று ஒரு வாசலைத் திறந்தே வைத்தது.

தயவு முடியும் இடம்

இத்தீர்ப்புகளைப் படிக்கும் எவருக்கும், எப்போது சென்றாலும் நீதிமன்றம் மன்னித்துவிடும் என்ற எண்ணம் தோன்றக்கூடும். ஆபத்து அங்கேதான் உள்ளது.

காலவரையறைச் சட்டத்தின் ஐந்தாம் பிரிவு மேல்முறையீட்டிலும் மனுவிலும் நேரும் தாமதத்தை மன்னிக்கவே அதிகாரம் அளிக்கிறது. காலம் கடந்து தொடரப்படும் வழக்குக்கு அப்பிரிவு பொருந்தாது. பிறர் உடைமையில் உள்ள அசையாச் சொத்தை உரிமையின் அடிப்படையில் மீட்பதற்கு, அவ்வுடைமை நமக்கு எதிரானதாக மாறிய நாள் முதல் பன்னிரண்டு ஆண்டுகள் என்பது பொதுவிதி. மேலும், மஜல்லாவின் நெறிக்கு மாறாக, இந்தியச் சட்டத்தின் இருபத்தேழாம் பிரிவு அக்காலம் முடிந்ததும் சொத்தின் மீதான உரிமையே அழிந்துவிடும் என்கிறது. ஆகவே, நடைமுறைத் தவற்றால் தள்ளுபடியான வழக்கைப் பொறுத்தவரை, புதிதாகத் தொடரலாம் என்று சட்டம் இடமளித்தாலும், அதற்குள் பன்னிரண்டு ஆண்டுகள் கடந்திருந்தால் அந்த அனுமதி ஏட்டளவில் நின்றுவிடும்.

காலம் கடந்த வழக்கின் கதி என்னவாகும் என்பதற்கு லாகூர் ஷஹீத் கஞ்ச் பள்ளிவாசல் வழக்கு நிலையான சான்று. 1722-இல் பள்ளிவாசலாக வக்ஃபு செய்யப்பட்ட கட்டடம் அது. 1762 அளவில் அது சீக்கியர்களின் உடைமைக்குச் சென்றது. 1849-இல் பஞ்சாப் ஆங்கிலேயர் வசமானபின், முத்தவல்லி மரபினரான நூர் அஹ்மத் 1850-களில் தொடுத்த நடவடிக்கைகள் பயனளிக்கவில்லை. 1930-இல் குருத்வாரா தீர்ப்பாயத்தின் முன் வைத்த கோரிக்கையும் தள்ளுபடியாயிற்று. 1935 ஜூலையில் கட்டடம் இடிக்கப்பட்டது. அவ்வாண்டு அக்டோபரில் புதிய வழக்குத் தொடரப்பட்டது. மாவட்ட நீதிமன்றம் 1936-லும், உயர் நீதிமன்றம் 1938-லும், இலண்டன் பிரிவி கவுன்சில் 1940 மே 2-ஆம் நாளும் அதைத் தள்ளுபடி செய்தன. அது பள்ளிவாசலாக வக்ஃபு செய்யப்பட்டது என்பதைப் பிரிவி கவுன்சில் ஏற்றுக்கொண்டது. ஆயினும் பன்னிரண்டு ஆண்டுகளுக்கும் மேலான எதிரிடை உடைமையால் உரிமை அழிந்துவிட்டது என்பதே அதன் முடிவு.

விடுதலைக்குப் பின் நாடாளுமன்றம் இக்குறையை உணர்ந்தது. பிரிவினைக் கலவரங்களில் 1947 ஆகஸ்ட் 14-க்கும் 1954 மே 7-க்கும் இடையே உடைமை பறிபோன பொது வக்ஃபுகளுக்காக 1959-இல் தனிச் சட்டம் இயற்றிக் கால நீட்டிப்பு அளித்தது. 1995-ஆம் ஆண்டின் வக்ஃபுச் சட்டம் தனது 107-ஆவது பிரிவின்மூலம், வக்ஃபின் அசையாச் சொத்தை மீட்கும் வழக்குகளுக்குக் காலவரையறைச் சட்டமே பொருந்தாது என்று அறிவித்தது. ஆனால் இப்பிரிவு ஏற்கெனவே அழிந்துபோன உரிமைக்கு உயிர் கொடுக்காது என்பதை, தமிழகத்தின் தைக்கால் வக்ஃபு ஒன்றின் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. 1996 ஜனவரி முதல் நாள் அச்சட்டம் நடைமுறைக்கு வருமுன்பே பன்னிரண்டு ஆண்டுகளைத் தவறவிட்டவர்களுக்கு 107-ஆவது பிரிவு உதவவில்லை.

அச்சட்டத்தின் 87-ஆவது பிரிவு மற்றொரு நடைமுறைத் தடையாக நின்றது. பதிவு செய்யப்படாத வக்ஃபின் சார்பில் எந்த வழக்கையும் கேட்கலாகாது என்பது அது. 2013-ஆம் ஆண்டின் திருத்தம் அத்தடையை நீக்கியது. 2025 ஏப்ரல் 8-இல் நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டமோ நிலைமையை மீண்டும் மாற்றியது. 107-ஆவது பிரிவு நீக்கப்பட்டது. பதிவு செய்யப்படாத வக்ஃபு, ஆறு மாத அவகாசத்துக்குப் பின் வழக்குத் தொடர முடியாதென்ற தடையும் திரும்ப வந்தது. தாமதத்துக்குப் போதிய காரணம் காட்டினால் நீதிமன்றம் ஏற்கலாம் என்பது அதற்குரிய விலக்கு. இத்திருத்தங்களை எதிர்த்த வழக்குகளில் உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 15-இல் பிறப்பித்த இடைக்கால உத்தரவு சில பிரிவுகளை நிறுத்திவைத்தது. 107-ஆவது பிரிவின் நீக்கத்தை அது நிறுத்திவைக்கவில்லை. அத்திருத்தம் சரியா, தவறா என்பது வேறு விவாதம். முன்னர் இருந்த காலப் பாதுகாப்பை நம்பி இனி எந்த ஜமாஅத்தும் வாய்தாவைத் தவறவிட முடியாது என்பது மட்டும் உறுதி.

நமக்கான பாடம்

தொடக்கத்தில் கூறிய அண்டை ஊர் ஜமாஅத்தின் கதையை முடித்துவிடுவோம். மனையின் வரி ரசீது வேறொருவர் பெயரில் வந்தபோதுதான் புதிய நிர்வாகத்தார் தள்ளுபடியைப் பற்றி அறிந்தனர். அதற்குள் ஏழாண்டுகள் ஓடிவிட்டன. தாமதத்தை மன்னிக்கக் கோரி மனுச் செய்தனர். முத்தவல்லியின் மறைவு, நிர்வாக மாற்றம், கடிதம் கிடைக்காமை ஆகிய காரணங்களை நீதிமன்றம் ஏற்கும் நிலையில்தான் இருந்தது. ஆனால் செய்தி தெரிந்த பின்னும் மனுத் தாக்கல் செய்ய மேலும் பதினோரு மாதங்கள் ஆகியிருந்தன. யார் செலவழிப்பது, யார் கையொப்பமிடுவது என்ற உள்விவகாரத்திலேயே அம்மாதங்கள் கழிந்தன. அப்பதினோரு மாதங்களுக்கு நீதிமன்றத்தில் சொல்ல அவர்களிடம் ஒரு காரணமும் இல்லை. ஏழாண்டுத் தாமதத்துக்கு விளக்கம் இருந்தது. பதினோரு மாதத் தாமதத்துக்கு இல்லை. மனு தள்ளுபடியாயிற்று.

வக்ஃபு சொத்து அமானிதம் என்பதை நாம் அனைவரும் அறிவோம். அதை உண்ணாமலும் விற்காமலும் இருப்பதோடு அமானிதம் நிறைவேறிவிட்டதாக எண்ணுகிறோம். அதற்காக நீதிமன்றத்தில் குறிக்கப்பட்ட நாளில் சென்று நிற்பதும் அமானிதத்தின் ஒரு பகுதியே.

ஆகவே ஒவ்வொரு ஜமாஅத்தும் கடைப்பிடிக்கத்தக்க சில எளிய ஏற்பாடுகளை முன்வைத்து இதை நிறைவு செய்யலாம். வழக்கு விவரங்கள் முத்தவல்லி ஒருவரின் வீட்டில் இராமல், பள்ளிவாசல் அலுவலகத்தில் தனிப் பதிவேடாக இருத்தல் வேண்டும். வழக்கு எண், நீதிமன்றம், வழக்கறிஞர் பெயர், அடுத்த வாய்தா, அந்நாளுக்குள் செய்ய வேண்டிய காரியம் ஆகிய ஐந்தும் அதில் எழுதப்பட வேண்டும். வழக்கறிஞரிடம் கொடுக்கும் முகவரி தனிநபருடையதாக இராமல் ஜமாஅத்தின் முகவரியாகவே இருத்தல் வேண்டும். பேட்டா, நீதிமன்றக் கட்டணம் ஆகியவற்றின் ரசீதுகளை அப்பதிவேட்டிலேயே ஒட்டிவைக்க வேண்டும். எதிர்த் தரப்பில் எவரேனும் இறந்தால் அன்றே குறித்துக்கொண்டு, தொண்ணூறு நாள் கணக்கைத் தொடங்கிவிட வேண்டும். வழக்குத் தள்ளுபடியானால் உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு உடனே விண்ணப்பிக்க வேண்டும். அந்தத் தள்ளுபடிக்குப் பரிகாரம் மீட்பு மனுவா, மேல்முறையீடா என்பதை நகலைக் கொண்டு வழக்கறிஞரிடம் கேட்டறிய வேண்டும். வழிமாறினால் காலமும் வீணாகும். கெடு போதாதென்று தோன்றினால், 1961-ஆம் ஆண்டு வழக்கின் மேல்முறையீட்டாளரைப்போல், கெடு முடியுமுன்பே அவகாசம் கேட்டு மனுச் செய்துவிட வேண்டும்.

எல்லாவற்றிற்கும் மேலாக, நிர்வாகம் மாறும் நாளில் சாவிக்கொத்து, வரவு செலவுக் கணக்கு, வங்கிப் புத்தகம் ஆகியவற்றோடு வழக்குப் பதிவேட்டையும் கைமாற்றி, பெற்றுக்கொண்டவரின் கையொப்பத்தைத் தீர்மானப் புத்தகத்தில் பெற வேண்டும். அண்டை ஊரில் அன்று அந்த ஒரு கையொப்பம் இருந்திருந்தால், அப்பள்ளிவாசலின் சாசனத்தை ஒரு நீதிபதியாவது பிரித்துப் படித்திருப்பார்.